மீனை ஒதுக்கிவிட்டால் சைவம் ஆகிவிடுமா?



பள்ளி விடுமுறை நெருங்கினால் போதும், சமையல் வகுப்பு விளம்பரங்கள் கைப்பேசியை வந்து நிறைத்துவிடும். இப்போது ஜப்பானியச் சமையலின் காலம். சூஷி சுருட்டலாம், மீசோ சூப் வைக்கலாம், தெம்புரா பொரிக்கலாம் என்று வண்ணப் படங்களுடன் அழைக்கிறார்கள். அழைக்கட்டும், அதில் எனக்கு மறுப்பேதும் இல்லை. விளம்பரத்தின் அடியில் சிறிய எழுத்தில் ஒரு வரி இருக்கிறதே, அதன்மீதுதான் என் வழக்கு.

'சைவர், நீரிழிவு உடையோர், ஒவ்வாமை உடையோர் அனைவர்க்கும் ஏற்றது.'

அனைவர்க்கும் ஏற்றதாம்! சைவருக்கு வேண்டியது ஒன்று, நீரிழிவு நோயாளிக்கு வேண்டியது வேறொன்று, கோதுமை ஒவ்வாத குழந்தைக்கு வேண்டியது முற்றிலும் மற்றொன்று. இம்மூவரையும் ஒரே வரியில் அடக்கிவிட்டுக் கட்டணம் வாங்குவோர், அடுப்பு மூட்டுவதற்கு முன்பே அம்மூவருக்கும் வழி செய்திருக்க வேண்டும். பெரும்பாலோர் செய்வதில்லை. மேலே கிடக்கும் மீன் துண்டை எடுத்துவிட்டால் போதும் என்று எண்ணிக்கொள்கிறார்கள். அவ்வெண்ணம் எத்துணைப் பிழையானது என்பதை விளக்கவே இதனை எழுதுகிறேன்.

முதலில் ஜப்பானியச் சமையலின் அடிப்படையைப் பார்ப்போம். நம் சமையலுக்குத் தாளிப்பு எப்படியோ, அப்படி அவர்களுக்கு 'டாஷி' என்னும் ஊறல் நீர். (கிரந்த எழுத்தைத் தவிர்க்கச் சொல்லும் நண்பர்கள் இச்சொல்லுக்கு மட்டும் எனக்கு விலக்கு அளிக்க வேண்டும். காரணம் சொல்லாமலே விளங்கும்.) சூரை மீனை வேகவைத்து, புகையூட்டி, மரக்கட்டைபோல் இறுகும்வரை உலர்த்தி, பின்பு மெல்லிய சீவல்களாகச் சீவுவார்கள். இதற்குக் கட்சுவோபுஷி என்று பெயர். இலங்கைத் தமிழர் சமையலில் புழங்கும் மாசிக் கருவாட்டை அறிந்தவர்கள் இதனை அதன் ஒன்றுவிட்ட தம்பி என்று கொள்ளலாம். கொம்பு என்னும் கடற்பாசியோடு இச்சீவலையும் வெந்நீரில் இட்டு வடித்தால் டாஷி கிடைக்கும்.

அந்த நீர் எங்கெல்லாம் போகிறது தெரியுமா? மீசோ சூப்பில் போகிறது. நூடல்சுக் குழம்பில் போகிறது. தெம்புராவைத் தொட்டுக்கொள்ளும் நீரிலும், முட்டைச் சுருளிலும் போகிறது. வேகவைத்த கீரையை ஊறவைப்பதுகூடப் பல வீடுகளில் அதே நீரில்தான். தட்டில் மீன் தெரியாது, முள் அகப்படாது, ஆனால் அந்தக் கீரை மீன் சாற்றில் ஊறிய கீரை.

மலாக்காக்காரர்களுக்கு இதனை இவ்வளவு விளக்க வேண்டியதே இல்லை. பெலாச்சானுக்கும் சிஞ்சாலோக்கிற்கும் பேர்போன மாநிலம் நம்முடையது. கங்கோங் கீரை என்று கேட்டு வாங்கி, வாயருகே கொண்டு போகும்போது பெலாச்சான் வாடை வந்து தட்டை நகர்த்தி வைக்காத சைவர் நம்மிடையே எவரேனும் உண்டா? 'சாயுர்' என்றால் காய்கறி; காய்கறி என்றாலே சைவம் ஆகிவிடாது. சீன நண்பர்கள் நடத்தும் சைவக் கடைகளிலோ கதை வேறு. அங்கே வெங்காயமும் பூண்டும் விலக்கு. ஆனால் சில கடைகளில் முட்டை உண்டு. நம் வீட்டுச் சைவத்திலோ வெங்காயம் இல்லாமல் குழம்பே இல்லை; முட்டைதான் ஆகாது. ஒரே ஊரில் 'சைவம்' என்னும் ஒரு சொல்லுக்கு மூன்று பொருள். இதை அறியாமல் அச்சொல்லை விளம்பரத்தில் போடுவது, அளவுகோலே இல்லாமல் துணி விற்பதற்கு ஒப்பாகும்.

நான் சென்ற வகுப்பைப் பற்றிச் சொல்கிறேன். நடத்தியவர் பெயர் தேவையில்லை. அன்பான பெண்மணி; கை சுத்தம், பேச்சும் இனிமை. கட்டணம் 120 ரிங்கிட். பதினைந்து பேர் வந்திருந்தோம். என் அருகே, தோட்டத்தில் கிராணியாக இருந்து ஓய்வு பெற்ற ஒரு பெரியவர். நீரிழிவுக்கு ஊசி போட்டுக்கொள்பவர். எதிர் மேசையில் ஜாசினிலிருந்து வந்த ஓர் இளம் தாய். அவருடைய எட்டு வயது மகனுக்குக் கோதுமை ஆகாது. தின்றால் உடம்பெல்லாம் தடித்து மூச்சு முட்டுமாம். ரொட்டியும் மீயும் இல்லாத உணவு எதையாவது கற்றுக்கொண்டு போகலாம் என்று வந்திருந்தார். நான் சைவம்.

மீசோ சூப்பை எடுத்துக்கொள்ளுங்கள். "உங்களுக்காக மீன் போடவில்லை" என்று என் கிண்ணத்தை நீட்டினார் ஆசிரியர். மேசையில் கிடந்த டாஷித் தூள் பொட்டலத்தைத் திருப்பிப் படித்தேன். உட்பொருள் வரிசையில் கட்சுவோ என்று தெளிவாக இருந்தது. சுட்டிக் காட்டினேன். "அது சுவைக்காக மட்டும்தான்" என்றார். சுவைக்காகச் சேர்த்த மீன் மீன் இல்லையா?

பெரியவருக்குக் கிடைத்த அறிவுரை இன்னும் எளிது: "சோற்றைக் கொஞ்சமாகச் சாப்பிடுங்கள்." சூஷிச் சோற்றில் புளிக்காடியோடு சர்க்கரையையும் கலக்கிறார்கள் என்பதையோ, தெரியாக்கி குழம்பின் பளபளப்பு சர்க்கரையால் வருவது என்பதையோ யாரும் அவரிடம் சொல்லவில்லை. குறைத்துச் சாப்பிடுங்கள் என்பதை மருந்தகத்துத் தாதியே சொல்லிவிடுவாரே! அதற்கு 120 ரிங்கிட் எதற்கு?

அந்தத் தாயின் கேள்விதான் என்னை இன்னும் விடவில்லை. "டீச்சர், இந்த சோயா சாஸ்ல கோதும இருக்காதுல்ல?" என்று என்னிடம் மெல்லக் கேட்டார். வகுப்பை நடத்தியவரிடம் நாங்கள் இருவரும் சேர்ந்து கேட்டோம். சோயா என்றால் சோயா அவரைதானே என்று சிரித்தார். உண்மை அதுவன்று. ஜப்பானில் மிகுதியாகப் புழங்கும் சோயா நீர், அவரையும் கோதுமையும் ஏறத்தாழ சரிபாதியாகச் சேர்த்து நொதிக்க வைப்பது. கோதுமை சிறிதளவே சேர்ந்த, அல்லது அறவே சேராத தாமாரி என்னும் வகை தனியே உண்டு. அதிலும் புட்டியின் பின்புறத்தைப் படித்த பிறகே முடிவு செய்ய வேண்டும். மீசோவிலும் வாற்கோதுமையில் செய்வது, அரிசியில் செய்வது, சோயாவில் மட்டுமே செய்வது எனப் பிரிவுகள் உள்ளன. ஒவ்வாமை உடையோர்க்கு ஏற்றது என்று எழுதியவருக்கு முதலில் தெரிந்திருக்க வேண்டிய பாடம் இது.

ஆனால் அதே வகுப்பில் ஒன்று மிகச் சரியாக நடந்தது. மிரின் என்பது இனிப்பான அரிசி மது. சாராயச் சத்து ஏறத்தாழ 14 விழுக்காடு. வந்திருந்த மலாய்ச் சகோதரிகளை எண்ணி அதனை வகுப்பிற்கே கொண்டு வரவில்லை. மாற்றுப் பொருள் முன்கூட்டியே அளந்து வைக்கப்பட்டிருந்தது. குழம்பு முழுவதும் அதிலேயே செய்யப்பட்டது. யாரும் கையை உயர்த்திக் கேட்க வேண்டியிருக்கவில்லை. இதைக் குறையாகச் சொல்லவில்லை, பாராட்டிச் சொல்கிறேன். ஒரு சமூகம் பல்லாண்டுகளாக விடாமல் கேட்டது. ஹலால் என்று பொய்யாகக் குறிப்பதை 2011ஆம் ஆண்டு வாணிக விவரிப்புச் சட்டத்தின்கீழ் வந்த ஆணைகள் குற்றமாக்கின. இன்று அது சமையல் ஆசிரியரின் கைப்பழக்கமாகவே ஆகிவிட்டது. ஆக, முன்கூட்டியே ஏற்பாடு செய்ய அவர்களால் முடியும். நமக்குச் செய்யாததற்கு முடியாமை காரணமன்று. கேட்க மாட்டார்கள், ஒதுக்கிவிட்டுச் சாப்பிட்டுவிடுவார்கள் என்று நம்மைப் பற்றி அவர்கள் கொண்டுள்ள நம்பிக்கையே காரணம்.

அந்த நம்பிக்கையை வளர்த்தவர்கள் நாம்தாம். "பரவாயில்லை", "எதுக்கு அவங்களுக்குச் சிரமம்", "கரண்டியால ஒதுக்கிட்டா போச்சு" — நம் வாயில் எத்தனை சமாதானங்கள்! அன்றும் என்னைத் தவிர்த்துச் சைவர் இருவர் இருந்தனர். அமைதியாகக் குடித்துவிட்டார்கள்.

மீன் நீர் இல்லாவிட்டால் ஜப்பானியச் சமையலுக்குச் சுவையே இல்லை என்று ஒரு வாதம் வைக்கிறார்கள். இவ்வாதம் ஜப்பானியருக்கே இழுக்கு. அந்நாட்டின் சென் பௌத்த மடங்களில் புலாலும் மீனும் தவிர்த்த ஷோஜின் சமையல் பன்னூறு ஆண்டுகளாக வழங்கி வருகிறது. தோகென் என்னும் துறவி 1237ஆம் ஆண்டில், மடத்துச் சமையற்காரர் கடமைகளைப் பற்றித் தனி நூலே எழுதினார். சமையலறைப் பொறுப்பைத் தவத்துக்கு இணையாக வைத்து எழுதப்பட்ட நூல் அது. அங்கே டாஷிக்கு மீன் இல்லை; கொம்புக் கடற்பாசியும் உலர்ந்த ஷிதாக்கே காளானும்தாம்.

இன்னொன்றும் கேளுங்கள். 'உமாமி' என்று உலகமே இன்று பேசுகிற அந்தச் சுவையின் காரணத்தைக் கண்டறிந்தவர் தோக்கியோ பல்கலைக்கழக வேதியியல் பேராசிரியர் இக்கேடா கிக்குனாயே, ஆண்டு 1908. எதிலிருந்து கண்டறிந்தார்? மீனிலிருந்தா? இல்லை. கொம்புக் கடற்பாசியிலிருந்து! மீன் சீவலில் உள்ள சுவைப்பொருளை 1913இல் அவருடைய மாணவர் கண்டறிந்தார். காளானில் உள்ளது அதற்கும் பிந்தியே தெரியவந்தது. கடற்பாசியின் சுவையும் காளானின் சுவையும் சேரும்போது ஒன்றையொன்று பன்மடங்கு தூக்கிவிடுகின்றன. ஆதலால் சைவ டாஷி என்பது குறைபட்ட டாஷி அன்று.

செய்வதும் கடினமில்லை. ஒரு லிட்டர் நீரில் 10 கிராம் கொம்பும் நான்கைந்து உலர் காளான்களும் இட்டு இரவு முழுவதும் குளிர்ப்பெட்டியில் வையுங்கள். நம் வெயிலுக்கு வெளியே வைத்தால் கெட்டுவிடும். காலையில் மெல்லிய தீயில் சூடாக்கி, கொதி வருமுன் கொம்பை எடுத்துவிடுங்கள். விட்டால் வழவழப்பும் கசப்பும் இறங்கும். காளானை மட்டும் சற்று நேரம் கொதிக்கவிட்டு வடித்தால் முடிந்தது. தைராய்டு நோய்க்கு மருந்து உண்போர் மருத்துவரைக் கேட்டுவிட்டுச் செய்யுங்கள். கொம்பில் அயோடின் மிகுதி. இதனை வகுப்பில் சொல்லிக்கொடுக்க எவ்வளவு நேரம் ஆகும்? ஐந்து மணித்துளி. பதினைந்து பேருக்கும் அதையே அடிப்படையாக வைத்திருந்தால் சைவருக்கென்று தனிக் கிண்ணமே தேவைப்பட்டிருக்காது.

'ஜப்பானிய உணவு என்றாலே உடலுக்கு நல்லது' என்பதும் அரைகுறைப் பேச்சு. நாளொன்றுக்கு 5 கிராமுக்குக் குறைவாக உப்புக் கொள்ள வேண்டும் என்பது உலக நலவாழ்வு நிறுவனத்தின் அறிவுரை. சராசரி ஜப்பானியர் கொள்வதோ ஏறத்தாழ 10 கிராம். மீசோவும் சோயாவும் ஊறுகாயும் அந்த உப்பைக் கொண்டுவருகின்றன. நீரிழிவோடு இரத்த அழுத்தமும் சிறுநீரகக் கோளாறும் சேர்ந்தே இருக்கும் நம் பெரியவர்களுக்கு இதனைச் சொல்லாமல் விடுவது அறமாகாது.

இவ்விடத்தில் நம்மவர் சிலர் குறுக்கிடுவார்கள். 'நமக்கெதற்கு ஜப்பான் சமையல்? நம் உணவே மருந்து' என்பார்கள். தோட்டத்து முதியவர்கள் இதைச் சொன்னால் நான் வாய் திறப்பதில்லை. 1942 முதல் 1945 வரை மரவள்ளிக்கிழங்கைத் தின்று உயிர் பிழைத்த தலைமுறையின் பிள்ளைகள் அவர்கள். மலாயாத் தோட்டங்களிலிருந்து சயாம் இரயில் பாதைக்குக் கொண்டு செல்லப்பட்ட பல்லாயிரம் தமிழர்களில் திரும்பாதோர் மிகப் பலர். அந்தக் கசப்புக்கு முன் சமையல் குறிப்பு எம்மாத்திரம்? ஆனால் நகரத்தில் இருந்துகொண்டு பெருமைக்காகப் பேசுவோரை விடுவதற்கில்லை. இக்கேடாவின் கண்டுபிடிப்பிலிருந்து பிறந்த அஜினோமோட்டோ 1961இலேயே மலாயாவில் நிறுவனம் அமைத்துவிட்டது. லயத்து வீட்டு இரசத்திலும் அது விழுந்தது. ஜப்பான் நம் அடுப்படிக்கு வந்து நாளாகிவிட்டது, ஐயா!

'நம் உணவே மருந்து' என்பதற்கும் ஒரு வார்த்தை. 2019ஆம் ஆண்டின் தேசிய நலவாழ்வு, நோயுறுதன்மை ஆய்வில் மலேசியப் பெரியவர்களுள் 18.3 விழுக்காட்டினருக்கு நீரிழிவு இருந்தது. இந்தியரிடையே அது 31.4 விழுக்காடு, அனைத்து இனங்களிலும் நாம்தாம் முதலிடம். வெள்ளைச் சோற்று மலையும், கேசரியும், பாலில் கரைத்த சர்க்கரையும் மருந்தானால் நோய் எது? மேலும், கோதுமை மறைந்திருப்பது ஜப்பானியரின் புட்டியில் மட்டுமில்லை. கடையில் வாங்கும் கூட்டுப் பெருங்காயத்தின் டப்பாவைத் திருப்பிப் பாருங்கள். பெரும்பாலும் கோதுமை மாவு கலந்திருக்கும். அந்த ஜாசின் சிறுவனுக்கு நம் திருமணப் பந்தியின் சாம்பாரும் ஆபத்துதான். ஆகவே பிறரிடம் கேட்கும் கேள்வியை நம் பந்திப் பொறுப்பாளரிடமும் கேட்டாக வேண்டும்.

ஆசிரியர் என்ற முறையில் எனக்கு இது சமையல் சிக்கலாகப் படவில்லை. கற்பித்தல் சிக்கலாகவே படுகிறது. பயிற்சிக் கல்லூரியில் எங்களுக்குச் சொல்லிக்கொடுத்த முதற்பாடங்களில் ஒன்று, மாணவரின் நிலையறிந்து பாடத்திட்டம் எழுது என்பது. குறைநீக்கல் வகுப்புப் பிள்ளைக்கு, மற்றப் பிள்ளைகளின் பயிற்சித்தாளைக் கொடுத்துக் கடினமான கேள்விகளை மட்டும் அடித்துவிட்டால் அது குறைநீக்கல் ஆகுமா? மேற்பார்வைக்கு வரும் அதிகாரி விட்டுவிடுவாரா? அவனுக்கென்று வேறு நடவடிக்கையை முதல்நாள் இரவே எழுதி வைக்கிறோம். சமையல் வகுப்பில் நடப்பதோ, கேள்வியை அடித்துவிட்டுத் தாளை நீட்டுவது.

இதன் விலை என்னவென்று ஜப்பானியர் அறிவர். 2012ஆம் ஆண்டு திசம்பரில் தோக்கியோவை அடுத்த சோஃபு நகரத் தொடக்கப்பள்ளியில், பால் ஒவ்வாமை உடைய ஐந்தாம் ஆண்டுச் சிறுமி பள்ளி மதிய உணவு உண்டு இறந்தாள். பாலாடைக்கட்டி சேராத பங்கை அவளுக்கென்று தனியே சமைத்து, முதலில் அதைத்தான் கொடுத்தார்கள். அவள் இரண்டாம் முறை கேட்டபோது, பொதுப் பாத்திரத்தில் இருந்தது பரிமாறப்பட்டது. அவ்வளவுதான் நடந்தது. மாற்று உணவும் இருந்தது, பட்டியலும் இருந்தது. ஒரே ஒரு கரண்டி தவறிப்போனது. அதன் பின்னர், 2015இல் அந்நாட்டுக் கல்வி அமைச்சு பள்ளி உணவுக்கென வழிகாட்டி வெளியிட்டது. ஒவ்வாப் பொருளைச் சிறிது சேர்க்கலாம், பாதி குறைக்கலாம் என்ற பேச்சே வேண்டாம். ஒரு பிள்ளைக்குக் கொடுக்கலாம் அல்லது கொடுக்கக் கூடாது, இரண்டில் ஒன்றுதான் என்பது அதன் அடிப்படை. பொட்டல உணவில் கட்டாயமாகக் குறிக்க வேண்டிய ஒவ்வாமைப் பொருள்களின் எண்ணிக்கையும் 2023இல் அக்ரூட்டைச் சேர்த்து எட்டாக உயர்த்தப்பட்டது. கோதுமை அப்பட்டியலில் உள்ளது. ஜப்பானியச் சமையலைக் கற்பிக்கிறோம் என்போர் சூஷிப் பாயை மட்டும் இறக்குமதி செய்கிறார்கள். இந்த ஒழுங்கை அங்கேயே விட்டுவிட்டு வருகிறார்கள்.

அவர்களிடம் நான் கேட்பது மிகவில்லை. பதிவு செய்யும்போதே யாருக்கு எது ஆகாது என்று எழுதி வாங்குங்கள். சமைக்கப் போகும் பொருள்களின் பட்டியலை, தூள் பொட்டலத்தின் உள்ளே இருப்பதையும் சேர்த்து, ஒரு வாரம் முன்பே அனுப்புங்கள். ஒவ்வாமை உள்ளவருக்குத் தனிப் பாத்திரமும் தனிக் கரண்டியும் வையுங்கள். இவற்றைச் செய்ய இயலவில்லையா? 'இவ்வகுப்பு சைவருக்கு ஏற்றதன்று', 'கோதுமை ஒவ்வாதோர் வர வேண்டாம்' என்று வெளிப்படையாக எழுதிவிடுங்கள். நான் கோபித்துக்கொள்ள மாட்டேன். வேறு வேலை பார்ப்பேன். பொய்யான வரவேற்பைவிட நேரான மறுப்பு எங்களுக்கு உதவியானது.

அடுத்த விடுமுறைக்கும் அதே விளம்பரம் வந்துவிட்டது, அடியில் அதே வரியுடன். ஜாசின் தாய் என்னை அழைத்து, மீண்டும் போகலாமா என்று கேட்டார். டாஷி எதில் செய்வது, சோயாவில் கோதுமை உண்டா, சூஷிச் சோற்றில் சர்க்கரை எத்தனை கரண்டி என்னும் மூன்று கேள்விகளை நடத்துநருக்கு எழுத்தில் அனுப்பியிருக்கிறேன். மறுமொழி வரும்வரை பணம் கட்ட வேண்டாம் என்று அவரிடம் சொல்லிவிட்டேன்.